சர்ச்சைக்கு உட்படாத தேதி

எங்கள் பல்கலைக்கழகத்துப் பண்டை வரலாற்றுத் துறையில் ஒன்பது பேராசிரியர்கள் இருந்தார்கள். மண்ணுக்கடியிலிருந்து தோண்டியெடுத்த ஓட்டுத்துண்டு ஒன்றைக் கையில் கொடுத்தால், அந்தப் பானை எந்த நூற்றாண்டில் உடைந்தது என்று சொல்லிவிடுவார்கள். தாங்கள் எந்தத் தேதியில் வேலைக்குச் சேர்ந்தோம் என்பது மட்டும் அவர்களுக்குத் தெரியவில்லை. அதைக் கண்டுபிடித்துத் தரும்படி உயர் நீதிமன்றத்தைக் கேட்டு ஏழு ஆண்டுகள் ஆகியிருந்தன.

தகராறு உண்மையில் இரண்டு பேருக்குள்தான். திகம்பர் ஜாவும் அவதேஷ் நாராயண் சௌத்ரியும் ஒரே பட்டியலில் தேர்வானவர்கள். ஜா ஜனவரி பதினான்காம் தேதி சேர்ந்தார், சௌத்ரி பதினைந்தாம் தேதி. ஜா ஒரு நாள் மூத்தவர் என்று நீங்கள் சொல்வீர்கள். நீங்கள் வழக்கறிஞர் இல்லை.

பதினான்காம் தேதி மகர சங்கராந்தி. அலுவலகம் மூடியிருந்தது. அந்தக் காலத்துப் பதிவாளர் தன் வீட்டு வாசலில் வெயிலில் உட்கார்ந்து சங்கராந்திக்கு உரிய அவலும் தயிரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, ஜா அங்கே போய்ச் சேர்க்கைக் கடிதத்தை நீட்டியிருக்கிறார். அவரும் தயிர்க் கையை உதறிவிட்டுக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். கடிதத்தின் மூலையில் ஒரு கறை இன்றைக்கும் இருக்கிறது. நீதிமன்றக் கோப்பில் அதற்கு ‘இணைப்பு நான்கு’ என்று பெயர். விடுமுறை நாளில் சேர்ந்தது சேர்ந்ததாகாது என்பது சௌத்ரி தரப்பு. அந்த ஆண்டு பஞ்சாங்கப்படி சங்கராந்தி பதினைந்தாம் தேதிதான், ஆகவே விடுமுறை நாளில் சேர்ந்தவர் சௌத்ரியே என்பது ஜா தரப்பு. பல்கலைக்கழக நாட்குறிப்பு பதினான்கு என்றது. அரசாணை பதினைந்து என்றது. ஊர்க்காரர்களைக் கேட்டால் இரண்டு நாளும் அவல் தயிர் சாப்பிட்டோம் என்றார்கள். நீதிமன்றம் எங்கள் சோதிடத் துறையின் கருத்தைக் கேட்டது. அங்கேயும் தலைவர் யார் என்று வழக்கு நடந்துகொண்டிருந்ததால், பதில் கையெழுத்தில்லாமல், மூன்று பேர் கையெழுத்திட இடம் விட்டு வந்து சேர்ந்தது.

ஒரு நாளுக்காக இவ்வளவா என்று கேட்கக் கூடாது. தலைவர் பதவி மூன்று ஆண்டுக்கு ஒருமுறை, மூப்புப்படி கைமாறும். இருவருக்கும் ஓய்வு பெற நாலு ஆண்டுகூட இல்லை. முதலில் உட்காருகிறவர் உட்கார்ந்தபடியே ஓய்வு பெறலாம். அடுத்தவர் நின்றபடியே ஓய்வு பெற வேண்டும்.

மற்ற ஏழு பேரும், யார் ஜெயித்தால் தங்கள் முறை எப்போது வரும் என்று விரல் விட்டு எண்ணிப் பார்த்து, ஒவ்வொருவராக வழக்கில் சேர்ந்துகொண்டார்கள். கடைசியில் நீதிபதிக்கு அலுத்துப் போனது. ‘வழக்கில் தரப்பாக இருக்கும் எவரும் துறைத் தலைவர் பொறுப்பில் இருக்கக் கூடாது. தரப்பாக இல்லாத ஒருவர் அன்றாட வேலையைப் பார்க்கட்டும். மறு உத்தரவு வரை அவரை மாற்றக் கூடாது’ என்று எழுதிவிட்டார்.

தரப்பாக இல்லாத ஒருவரைப் பல்கலைக்கழகம் இரண்டு வாரம் தேடியது. அப்படித்தான் நூதன் மண்டல் கிடைத்தாள்.

நூதன் எட்டு ஆண்டுகளாக அங்கே கெஸ்ட் டீச்சர். ஒன்பது பேராசிரியர்களும் வழக்குக்காகத் தலைநகருக்கு ரயிலேறும் நாட்களில் ஒன்பது பேரின் வகுப்பையும் அவள்தான் எடுப்பாள். வழக்கில் அவளை யாரும் சேர்க்காததற்குக் காரணம், அவள் துறையில் இருக்கிறாள் என்பது ஒருவருக்கும் நினைவில்லாததுதான்.

பதிவாளர் கேதார்நாத் சின்ஹா கூப்பிட்டனுப்பினார். “உக்காருங்க நூதன்ஜி” என்றார். நூதன் திரும்பிப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று பார்த்தாள். எட்டு ஆண்டுகளில் அந்த அறையில் அவளுக்கு நாற்காலி காட்டப்பட்டதில்லை.

“இன்னையிலேருந்து நீங்கதான் துறைப் பொறுப்பு.”

“நான் கெஸ்ட் டீச்சர் சார்.”

“அதனாலதான். நீங்க யாருமில்லைங்கறதுதான் உங்க தகுதி. தப்பா எடுத்துக்காதீங்க, கோர்ட்டு அப்படித்தான் கேட்டிருக்கு.”

“எனக்கு என்ன அதிகாரம் சார் இருக்கும்?”

சின்ஹா மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “எல்லா அதிகாரமும் இருக்கும். எதையும் முடிவு பண்ணக் கூடாது, அவ்வளவுதான். இந்த நாற்காலியில நான் பதினோரு வருஷமா இருக்கேன். எப்படி இருக்கேன்னு நினைக்கறீங்க?”

மறுநாள் தலைவர் அறையைப் பல்தேவ் ராவுத் திறந்து, ஏழு ஆண்டுத் தூசியைத் தட்டி, கூலரில் தண்ணீர் ஊற்றினான். பல்தேவ் துறையின் கடைநிலை ஊழியன், முப்பது ஆண்டு சர்வீஸ். அதுவரை நூதனை அக்கா முறையில் ‘தீதி’ என்று கூப்பிட்டவன், அறைக்குள் வந்தால் ‘மேடம்’ என்றும் வராந்தாவில் பார்த்தால் ‘தீதி’ என்றும் கூப்பிட ஆரம்பித்தான். யார் மனதும் நோகாமல் பிழைக்கத் தெரிந்தவன். ஜாவும் சௌத்ரியும் ஒன்றாக உட்கார்ந்திருந்தால் முதலில் யாருக்கு டீ கொடுப்பது என்று ஒரு சிக்கல் உண்டு. பல்தேவ் இரண்டு கையிலும் இரண்டு கோப்பையை எடுத்து, ஒரே நொடியில் இரண்டு பக்கமும் நீட்டுவான். இடது கையில் வாங்கியவர் பிறகு எழுத்தில் ஆட்சேபம் தெரிவிப்பார்.

பொறுப்பேற்ற முதல் வாரம் ஜா விடுப்பு விண்ணப்பத்தோடு வந்தார்.

“இதோ பாருங்க நூதன், இதை நான் உங்ககிட்ட கொடுக்கல. மேசை மேல வைக்கறேன். நீங்க எடுத்துக்கறது உங்க இஷ்டம். கொடுத்தேன்னு ஆச்சுன்னா, நான் உங்களைத் தலைவரா ஒப்புக்கிட்டேன்னு சௌத்ரி நாளைக்கே மனு போடுவான்.”

“சரி சார். மேசை மேலேருந்து எடுத்துக்கறேன்.”

“நான் போனப்புறம் எடுங்க.”

சௌத்ரி அப்படிச் செய்யவில்லை. அவர் தன் விண்ணப்பத்தை, உள்ளூர்த் தபால் நிலையத்துக்குப் போய், பதிவுத் தபாலில் துறைக்கு அனுப்பினார். தபால் நிலையம் அந்தத் துறைக்கு எதிரே, சாலையைத் தாண்டினால் இருக்கிறது. விடுப்பு முடிந்து ஆறு நாள் கழித்து விண்ணப்பம் வந்தது. நூதன் அனுமதித்தாள்.

நம்ப மாட்டீர்கள், துறை ஒழுங்காக நடக்கத் தொடங்கியது. நாலு ஆண்டாகக் கிடந்த ஆய்வேடுகளில் கையெழுத்தானது. மாணவர்களுக்கு மதிப்பெண் பட்டியல் கிடைத்தது. நூலகத்தில் வேலை பார்க்கிற எனக்கு, அந்தத் துறை ஏழு ஆண்டாகத் திருப்பித் தராத முந்நூறு புத்தகங்கள் வந்து சேர்ந்தன. எதையும் முடிவு பண்ணாமலே இதெல்லாம் நடந்தது என்றால், இத்தனை நாள் முடிவு பண்ணியவர்கள் என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று ஒரு கேள்வி வரும். எங்கள் பல்கலைக்கழகத்தில் அந்தக் கேள்வியை யாரும் கேட்பதில்லை.

பன்னிரண்டு மாதம் இப்படிப் போனது. பதின்மூன்றாம் மாதம் நூதனுக்கு ஒரு கடிதம் வந்தது.

ஆற்றுக்கு அக்கரையில் உள்ள ஓர் அரசுக் கல்லூரியில் நிரந்தர வேலை. ஐந்தாண்டுக்கு முன் எழுதிய தேர்வின் முடிவு. அவளுக்கு வயது நாற்பத்தொன்று. வயது வரம்பு தாண்டிவிட்டதால் இனிமேல் எந்தத் தேர்வும் எழுத முடியாது. முப்பது நாளுக்குள் சேர வேண்டும், சேராவிட்டால் பட்டியலில் அடுத்த பெயருக்குப் போய்விடும். சேரும்போது இப்போது பணிபுரியும் இடத்திலிருந்து விடுவிப்புச் சான்றிதழ் கொண்டு வர வேண்டும். ‘துறைத் தலைவரின் கையெழுத்துடன்’ என்று தடித்த எழுத்தில் அச்சிட்டிருந்தார்கள்.

நூதன் கடிதத்தை எடுத்துக்கொண்டு பதிவாளரிடம் போனாள். சின்ஹா அதை இரண்டு முறை படித்தார்.

“சந்தோஷம். உங்க துறைத் தலைவர்கிட்ட வாங்கிக்கங்க.”

“துறைத் தலைவர் நான்தான் சார்.”

“ஆமாமில்ல.” கடிதத்தை மடித்து வைத்தார். “தன் காரியத்துல தானே கையெழுத்துப் போடக் கூடாதுன்னு விதி இருக்கு.”

“அந்த விதியைப் பார்க்கலாமா சார்?”

“விதி இருக்கு. புத்தகம்தான் இல்ல. கோர்ட்டுல இருக்கு, இணைப்பு பதினொண்ணு.”

“அப்ப நீங்க போடுங்க சார்.”

“துறையில பொறுப்பான ஆள் ஒருத்தர் இருக்கறப்ப நான் போட்டா அது அதிகார மீறல். பொறுப்புல யாருமே இல்லைன்னாதான் நான் போடலாம். நீங்க பொறுப்பை விட்டுட்டு வாங்க, போடறேன்.”

“விட்டுடறேன் சார். இப்பவே எழுதித் தரேன்.”

“உங்களை மாத்தக் கூடாதுன்னு கோர்ட்டு ஆர்டர் இருக்கேம்மா” என்றார் சின்ஹா, இவ்வளவு படித்தும் இது தெரியவில்லையே என்பதுபோல. “நீங்க பொறுப்பை விட்டா நான் அவமதிப்புல உள்ள போகணும்.”

நூதன் துணைவேந்தரிடம் போனாள். அவர் முன்னாள் இயற்பியல் பேராசிரியர், எதையும் தத்துவமாகப் பார்ப்பவர். “நூதன்ஜி, ஒரு நிறுவனம்னா என்ன? தனி மனுஷங்க வருவாங்க, போவாங்க. காலி இடம் மட்டும்தான் நிரந்தரம். நான் வந்து மூணு வருஷத்துல நாற்பத்தியாறு துறையில முப்பத்திரண்டுக்குத் தலைவரே போடல. ஒரு புகார் வந்திருக்கா? போட்டதெல்லாம் புகார்ல முடிஞ்சிருக்கு. அதனால நான் உங்களை ஒரு முன்மாதிரியா நினைக்கறேன். நீங்க போகக் கூடாது” என்று சொல்லி, அவளுக்கு வறுத்த மக்கானா விதை ஒரு தட்டு வரவழைத்துக் கொடுத்தார்.

எட்டு ஆண்டுக்குப் பிறகு ஜாவும் சௌத்ரியும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போனது அந்த வாரம்தான். இருவரும் தனித்தனியே நூதனைப் பார்க்க வந்தார்கள். சௌத்ரி கதவைச் சாத்திவிட்டுக் குரலைத் தணித்தார்.

“நீ போயிட்டா கோர்ட்டு அடுத்த ஆளைத் தேடும். அந்த ஜா, யாரையாவது தன் மச்சானைக் கெஸ்ட் டீச்சராக் கொண்டாந்து உக்கார வெச்சுடுவான். அங்க என்ன கிடைக்கும் உனக்கு? அக்கரையில ஒரு டிகிரி காலேஜ். இங்க நீ தலைவரம்மா.”

“ஒரு வகுப்பு எடுத்தா ஒரு வகுப்புக்குத்தான் சார் சம்பளம். தலைவரா உக்காந்திருக்கற நேரத்துக்கு ஒண்ணும் கிடையாது.”

“கௌரவம் இருக்கே.”

“அதை நீங்க எட்டு வருஷமா கேட்டுக்கிட்டிருக்கீங்க. எடுத்துக்கங்க சார்.”

“எடுத்துக்கத்தான் நினைக்கறேன். தேதி தெரியணுமே” என்றார் சௌத்ரி, உண்மையான வருத்தத்தோடு.

பதினேழு நாள் ஓடிவிட்டது. நூதன் ஒரு கையெழுத்துக்காக எல்லா வாசலிலும் நின்றுவிட்டு, தினமும் பதினோரு மணிக்குத் தன் அறைக்குத் திரும்பி, ஊரில் உள்ளவர்களுக்கெல்லாம் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தாள். ஒரு ஆய்வு மாணவன் தன் விடுவிப்புச் சான்றிதழை வாங்கிக்கொண்டு “ரெண்டே நிமிஷத்துல முடிஞ்சுடுச்சு மேடம்” என்று நன்றி சொன்னபோது, அவள் பேனாவை மூடிவிட்டு ஜன்னலைப் பார்த்தாள் என்று பல்தேவ் என்னிடம் சொன்னான். “தீதி அழல, ஆனா பல்லைக் கடிக்கற சத்தம் எனக்குக் கேட்டுச்சு” என்றான்.

அவளை வழக்கறிஞர் தௌகீர் ஆலத்திடம் அனுப்பியது நான்தான். அவர் எங்கள் நூலகத்தில் சட்டப் புத்தகம் இரவல் வாங்கித் திருப்பித் தராதவர்களில் முதல்வர். முழுக் கதையையும் கேட்டுவிட்டு ஒரே கேள்வி கேட்டார்.

“யார் தலைவரா இருக்கக் கூடாதுன்னு ஆர்டர் சொல்லுது?”

“வழக்குல தரப்பா இருக்கறவங்க.”

“அப்ப நீங்களும் தரப்பாயிடுங்க. மனு போட்ட அன்னைக்கே பொறுப்பு போயிடும். துறை காலி. பதிவாளர் கையெழுத்துப் போடுவார். நீங்க ஆத்தைத் தாண்டிடலாம்.”

“நான் என்னன்னு சார் மனு போடறது?”

“நான்தான் எல்லாரையும்விட மூத்தவ, என்னை நிரந்தரத் தலைவராக்குன்னு.”

நூதன் சிரிக்கவில்லை. “நான் கெஸ்ட் டீச்சர் சார்.”

“அந்த ஒன்பது பேரும் சொல்றதைவிட இது ஒண்ணும் மோசமில்ல. பயப்படாதீங்க. அந்த வழக்குல இதுவரைக்கும் யாரும் ஜெயிச்சதில்ல.”

தௌகீர் சாஹேப் மனுவைச் சுத்தமாக எழுதினார். மூப்பு என்பது சேர்ந்த தேதியால் வருவது. ஒன்பது பேரின் தேதியும் அவர்களாலேயே ஒருவருக்கொருவர் மறுக்கப்பட்டவை. தேதி நிச்சயமில்லாதவருக்கு மூப்பும் நிச்சயமில்லை. மனுதாரர் நூதன் மண்டல் ஒன்பது ஆண்டுக்கு முன் ஜூலை ஒன்பதாம் தேதி, எந்தப் பஞ்சாங்கப்படியும் பண்டிகையில்லாத ஒரு புதன்கிழமை, சேர்ந்தார். இந்தத் துறையில், சேர்ந்த தேதி சர்ச்சைக்கு உட்படாத ஒரே ஆள் அவர்தான். ஆகவே அவரே மூத்தவர்.

மனு ஏற்கப்பட்டது. அன்றே நூதனின் பொறுப்பு போனது. அறையைப் பூட்டிச் சாவியைப் பல்தேவிடம் கொடுத்துவிட்டு, வராந்தாவில் முதல் முறையாக நிம்மதியாக நின்று டீ குடித்தாள்.

சின்ஹா சொன்ன சொல் தவறாதவர், ஆனால் அவசரப்படாதவர். விடுவிப்புச் சான்றிதழ் வரைவாகி, சரிபார்க்கப்பட்டு, தட்டச்சாகி, தட்டச்சுப் பிழை திருத்தி மறுபடி தட்டச்சாகி, இருபத்தொன்பதாம் நாள் பகலில் அவர் மேசைக்கு வந்தது. நூதன் எதிரே உட்கார்ந்திருந்தாள். மறுநாள் மாலை ஐந்து மணிக்குள் அக்கரையில் இருக்க வேண்டும். சின்ஹா பேனாவின் மூடியைத் திறந்தார்.

அந்த நேரத்தில் தொலைபேசி அடித்தது. பல்கலைக்கழகத்தின் வழக்கறிஞர் தலைநகரிலிருந்து பேசினார். சின்ஹா “அப்படியா” என்றார். “எப்போ” என்றார். “அடடா” என்றார். பேனாவை மூடினார்.

நடந்தது இது. கோடை விடுமுறைக்கு நீதிமன்றம் மூடும் கடைசி நாள். நீதிபதி பழைய வழக்குகளைக் கழித்துக்கொண்டிருந்தார். நூதனின் மனுவுக்கு யாருக்கு ஆட்சேபம் என்று கேட்டிருக்கிறார். ஜாவின் வழக்கறிஞர், சௌத்ரி வருவதற்கு இவள் வரலாம் என்று எண்ணி, ஆட்சேபமில்லை என்றார். சௌத்ரியின் வழக்கறிஞரும் அதே கணக்கில் ஆட்சேபமில்லை என்றார். மற்ற ஏழு பேரின் வழக்கறிஞர்களும் டீ குடிக்கப் போயிருந்தார்கள். எட்டு ஆண்டில் முதல் முறையாக ஒருமித்த கருத்தைக் கண்ட நீதிபதி, அது கலைவதற்குள் தீர்ப்பெழுதினார். நூதன் மண்டலே துறைத் தலைவர். எல்லா மனுக்களும் முடித்து வைக்கப்பட்டன.

“வாழ்த்துகள் மேடம்” என்று சின்ஹா எழுந்து நின்றார். “வரலாற்றுத் தீர்ப்பு. இனிப்பு வாங்கியாரச் சொல்றேன்.”

“சார், அந்தச் சான்றிதழ்.”

“இப்பத்தான் உங்க துறைக்கு முழுத் தலைவர் வந்துட்டாரே. நான் எப்படிப் போடறது?” என்று காகிதத்தைப் பக்குவமாகச் சுழற்றி அவள் பக்கம் தள்ளினார். “தலைவர்கிட்ட வாங்கிக்கங்க.”

நூதன் காகிதத்தை எடுத்துக்கொண்டாள். இனிப்பு வரும்வரை இருக்கவில்லை.

தலைவர் அறையில் அதற்குள் மாலையோடு கூட்டம். ஜா இடது பக்கமும் சௌத்ரி வலது பக்கமும் நின்று, ஒரே சமயத்தில் மாலை போட்டார்கள். தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்யப்போவதாக இருவரும் மரியாதையாகத் தெரிவித்தார்கள். எல்லாரும் போனபின் நூதன் மாலையைக் கழற்றிக் கூலர் மேல் வைத்துவிட்டு, அன்றைய கோப்புகளைப் பார்க்க உட்கார்ந்தாள். மேல்முறையீட்டுக்காகத் தலைநகர் போக ஜாவின் விடுப்பு. சௌத்ரியின் விடுப்பு. இரண்டு ஆய்வேடு. ஒரு மாணவியின் இடமாற்றச் சான்றிதழ். அவற்றுக்கு அடியில் தன் காகிதம். ஒவ்வொன்றாகக் கையெழுத்துப் போட்டுக்கொண்டே போனாள். பேனா எந்த இடத்திலும் நிற்கவில்லை. பல்தேவ் வரிசையாக முத்திரை குத்தினான். அவன் எதையும் படிக்கிறவனில்லை.

மறுநாள் படகுத்துறையில் அவளை நான்தான் ஏற்றிவிட்டேன். அக்கரையில் நடந்ததை அவளே பிறகு சொன்னாள்.

கல்லூரித் தலைமை எழுத்தர், படா பாபு என்று எல்லாரும் கூப்பிடுகிற ஒரு பெரியவர், மாலை நாலரை மணிக்கு அவள் காகிதங்களை வாங்கினார். மாதிரிக் கையெழுத்துப் படிவத்தில் மூன்று இடத்தில் கையெழுத்துப் போடச் சொன்னார். அதை வைத்து மற்ற எல்லாக் காகிதங்களையும் ஒப்பிட்டார். விடுவிப்புச் சான்றிதழுக்கு வந்தபோது பூதக்கண்ணாடியை எடுத்தார். மாதிரியையும் சான்றிதழின் அடியில் இருந்த கையெழுத்தையும் மாறி மாறி வெகுநேரம் பார்த்தார்.

“அச்சு அசலா ஒத்துப் போகுது” என்றார் திருப்தியோடு. “மேலேருந்து கீழ வரைக்கும் ஒரே கையெழுத்து. இப்படித்தான் இருக்கணும். நிறைய பேரு ஒரு காகிதத்துல ஒரு மாதிரி, இன்னொண்ணுல ஒரு மாதிரி போட்டுட்டு வந்து என் உயிரை எடுப்பாங்க.”

பதிவேட்டில் அவள் பெயரை ஏற்றி முத்திரை குத்தினார். குத்திவிட்டு, வேலை முடிந்த நிம்மதியில் பேச்சுக் கொடுத்தார்.

“இருபத்தொன்பதாம் நாள்தான் விடுவிச்சிருக்காங்களே. உங்க தலைவர் ரொம்பக் கறாரோ?”

“தெரியல பாபு. பதினாலு மாசம் அவங்க ரூம்லதான் உக்காந்திருந்தேன்” என்றாள் நூதன். “ஊரெல்லாம் வந்து கையெழுத்து வாங்கிட்டுப் போச்சு. எனக்குப் போட மட்டும் அவங்களுக்குத் தைரியம் வரல.”

“சில பேரு அப்படித்தான்” என்று படா பாபு பதிவேட்டை மூடினார்.